வெங்காயத்தின் கீழே ஒரு குடித்தனம்

என் வீட்டுக்காரர் அருளம்பலத்துக்குத் தமிழில் எல்லாச் சொல்லும் வரும், "இல்லை" என்ற ஒன்றைத் தவிர. வாசல் படலையில் நின்று யாராவது "அண்ணை, ஒரு நூறு ரூவா இருக்குமோ" என்று கேட்டால் போதும், சட்டைப் பையைத் தடவத் தொடங்கிவிடுவார். பையில் இல்லாவிட்டால் வீட்டுக்குள் வந்து என் முகத்தைப் பார்த்தபடி நிற்பார். கோண்டாவில் முழுவதும் அவருக்கு நல்ல பெயர். நல்ல பெயரைக் கறி வைக்க ஏலாது என்று நான் சொன்னால் சிரிப்பார். சிரித்தால் ஆள் வடிவு. அதனால்தான் அந்தக் குணம் அவ்வளவு காலம் திருந்தாமல் கிடந்தது.

நாங்கள் சீவரத்தினம் மாஸ்டரின் நாலு பரப்புச் செம்பாட்டுக் காணியைக் குத்தகைக்கு எடுத்து வெங்காயம் செய்துவந்தோம். நடுகைக் காலத்தில் கையில் காசு இராது. வியாபாரி இராசநாயகத்திடம் அச்சாரம் வாங்குவோம். அந்த முன்காசில் கை வைத்துவிட்டால் விளைகிற வெங்காயம் முழுவதும் அவருக்குத்தான், அதுவும் அவர் சொல்லும் விலைக்கு. அறுவடைக்குக் கிண்டுகிற நேரம் ஊரெல்லாம் வெங்காயம் குவிந்து கிடக்கும், விலை படுத்துவிடும். அச்சாரம் கழித்து அவர் தரும் மிச்சம், இவருடைய நல்ல பெயரின் புண்ணியத்தில், ஒரு கிழமைக்கு மேல் வீட்டில் தங்காது. அடுத்த நடுகைக்குத் திரும்பவும் இராசநாயகத்தின் கடைப் படியில் போய் நிற்போம். கலியாணம் முடித்த நாள் தொட்டு இதே கூத்துத்தான். இராசநாயகத்தைக் கெட்டவர் என்று சொல்ல முடியாது. தேத்தண்ணி தந்துதான் விலை சொல்வார்.

தொண்ணூற்றோராம் ஆண்டு மார்கழியில் விதை வெங்காயம் வாங்க அவரிடம் போனோம். ஐம்பது கிலோ அந்தர் ஒன்று ஆயிரத்தைந்நூறு ரூபாய் என்றார். கொட்டிலில் பிடி பிடியாகக் கட்டித் தொங்கிய வெங்காயத்தில் ஒன்றை இறக்கிப் பார்த்தேன். அதைக் கட்டியிருந்தது ஓலை நார் இல்லை, நீலச் சேலைத் துண்டு. நான் உடுத்து உடுத்து வெளிறி, கடைசியில் ஆவணி மாதம் என் கையாலேயே கிழித்து வெங்காயப் பிடி கட்டிய சேலை. அடுத்த பிடியும் அதே நீலம். அதற்கடுத்ததும் அப்படித்தான்.

"இஞ்சாருங்கோ, உது எங்கடை வெங்காயம்" என்றேன்.

"ஓம் போலை கிடக்கு" என்றார் இவர், தொலைந்துபோன மாட்டைக் கண்டவர் மாதிரிச் சந்தோஷமாக.

"அந்தர் ஐந்நூறுக்கு நாங்கள் வித்தது. இப்ப மூண்டு மடங்கு குடுத்து வாங்கப் போறம்."

இராசநாயகம் ஒளித்து மறைக்கவில்லை. தேத்தண்ணியை எங்கள் பக்கம் நகர்த்தி வைத்தார். "பிள்ளை, நான் வெங்காயம் விக்கேல்லை. நாலு மாசம் பொறுத்திருந்ததைத்தான் விக்கிறன். உங்களாலை பொறுக்க ஏலாது, எனக்கு ஏலும். அவ்வளவுதான் வித்தியாசம்" என்றார்.

உண்மையைச் சொன்ன மனிதரிடம் கோபிக்கவும் முடியவில்லை. அந்தக் கோபம் எங்கே போகும், பக்கத்தில் இருந்தவர் மேல்தான் வந்தது. இவர் அச்சாரத்துக்குக் கை நீட்டப் போனார். நான் முழங்கையால் ஒரு இடி வைத்துவிட்டு, "இந்த முறை அச்சாரம் வேண்டாம். நாளைக்குக் காசோடை வாறம்" என்று சொல்லி எழுந்தேன். வழி நெடுக ஒரு வார்த்தை கதைக்கவில்லை. கோபத்தில் நான் கதைக்காமல் இருந்ததை இவர் அன்றுதான் கண்டார். பயந்துபோய்ச் சைக்கிளைத் தள்ளிக்கொண்டே நடந்தார்.

அடுத்த நாள் என் சோடிக் காப்பை விற்றேன்.

"அடகு வையுமன், பேந்து மீட்கலாம்" என்று இவர் மன்றாடினார்.

"அடகுக்கு வட்டி ஆர் கட்டுறது? கையிலை கிடந்தால் மினுங்கும். மண்ணிலை கிடந்தால் முளைக்கும். விடுங்கோ."

சொன்னபோது வீரமாகத்தான் இருந்தது. படுக்கும்போது வெறுங்கையைத் தடவிப் பார்த்துக் கொஞ்சம் அழுதேன். ஆனாலும் அந்த மார்கழியில்தான் முதல்முறையாக யாருக்கும் கடன் படாத வெங்காயத்தை அந்தக் காணியில் நட்டோம். வரம்பில் நின்று பார்க்க எனக்கே பெருமையாக இருந்தது.

காப்பை ஒருமுறைதான் விற்கலாம். இராசநாயகம் மாதிரிப் பொறுத்திருக்க வேண்டுமென்றால், வெங்காயத்தைக் கிண்டி, விதைக்குக் கேட்டு வருகிற வைகாசி வரை விற்காமல் வைத்திருக்கிற மாதங்களில் அடுப்பு எரிய வேண்டுமே. அதற்கு என்ன வழி என்று ஒருநாள் உலை வைத்தபடி யோசித்தேன். கை தன்பாட்டில் அரிசியில் ஒரு பிடி எடுத்துப் பிள்ளையார் கோயிலுக்கென்று வைத்த மண்முட்டியில் போட்டது. பிடியரிசி. எங்கள் பக்கத்தில் சமைக்கிற பெண்கள் எல்லோரும் செய்வதுதான். மாதம் முடியக் கோயிலில் இருந்து வந்து எடுத்துப்போவார்கள். அந்த முட்டி நிறையாமல் இருந்த மாதமே இல்லை. எங்கள் அரிசிப் பானை அடி தெரியாத மாதமும் இல்லை.

இரண்டும் ஒரே வீட்டு அரிசி, ஒரே கை. என்ன வித்தியாசம் என்றால், பிள்ளையாருக்கு உலையில் போட முன்னமே எடுத்துவிடுகிறேன். எங்களுக்கு மிஞ்சினால் பார்ப்போம் என்று விடுகிறேன். மிஞ்சுவதைத்தான் பிள்ளையாருக்கும் வைப்பேன் என்றிருந்தால் அவர் தும்பிக்கையைச் சூப்பிக்கொண்டு கிடந்திருப்பார். எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அன்றைக்கே இரண்டாவது முட்டி ஒன்றை அடுப்படியில் வைத்தேன். கோயிலுக்கு ஒரு பிடி, வைகாசிக்கு ஒரு பிடி.

காசுக்கும் அதே சட்டம். வேலியோரக் கத்தரிக்காயும் கோழி முட்டையும் திருநெல்வேலிச் சந்தையில் விற்றால், காசை மடியில் முடிந்துகொண்டு நேரே தபால் கந்தோருக்குப் போவேன். பத்தில் மூன்று என் சேமிப்புப் புத்தகத்தில் விழுந்த பிறகுதான் உப்பு, புளி, மண்ணெண்ணெய் எல்லாம். மண்ணெண்ணெய் போத்தல் விலை கேட்டால் நெஞ்சு இடிக்கிற காலம் அது. வாங்கும் காசு குறைந்தபோது விளக்கின் திரியும் தானாகக் குறைந்தது. நாங்கள் குறைந்துபோகவில்லை.

தைப்பொங்கல் முடிந்த கையோடு சீவரத்தினம் மாஸ்டர் காணிக்கு வந்தார். மகள் கனடாவுக்குக் கூப்பிட்டிருக்கிறாளாம், காணியை விற்கப்போகிறாராம்.

"உங்களுக்குத்தான் முதல் சொல்லுறன். நாலு பரப்பும் நாற்பதாயிரம். வைகாசி விசாகம் வரைக்கும் பாத்துக்கொண்டிருப்பன். இராசநாயகமும் கேட்டவர். அவரின்ரை காணி பக்கத்திலைதானே கிடக்கு."

மாஸ்டர் போன பிறகு இவர் வரம்பில் குந்திவிட்டார். இராசநாயகத்தின் கைக்குப் போனால் அந்தக் காணி எங்களுக்குத் திரும்பக் குத்தகைக்கு வராது. அவர் கூலி ஆட்களை வைத்துச் செய்கிறவர். பிறகு நாங்கள்தான் அந்தக் கூலி ஆட்கள்.

"நாற்பதாயிரத்துக்கு நாங்கள் எங்கை போறது?" என்றார்.

"எங்கையும் போக வேண்டாம். முன்னாலை நிக்குது பாருங்கோ" என்று வெங்காயத்தின் பச்சைத் தாளைக் காட்டினேன். "எங்கடை விதைக்கு எடுத்தது போக முப்பது அந்தர் தேறும். கிண்டின உடனை வித்தால் பதினையாயிரம். காய விட்டு, சுருங்கினது போக, வைகாசியிலை விதை விலைக்கு வித்தால் நாற்பது. நாங்கள் பொறுக்க வேண்டியதுதான்."

"பொறுக்கலாம். படலைக்கு வாற ஆக்களுக்கு என்ன சொல்லுறது?"

அதுதான் இடறுகிற இடம். இவருக்கு ஒரு வழி சொல்லிக் கொடுத்தேன். வெள்ளிக்கிழமையில் வீட்டிலிருந்து காசு வெளியே கொடுப்பதில்லை, இலட்சுமி போய்விடுவாள். மற்ற நாட்களில் விளக்கு வைத்த பிறகு கொடுப்பதில்லை. இது ஊருக்கே தெரிந்த வழக்கம், ஒருவரும் கோபிக்க முடியாது. இவருக்கு முகம் மலர்ந்துவிட்டது. தான் "இல்லை" சொல்லத் தேவையில்லை, இலட்சுமி சொல்வாள். ஒரு மாதம் அது பிசகாமல் நடந்தது. பிறகு ஆட்கள் விவரமாகப் பகலிலேயே வரத் தொடங்கினார்கள். இவரும் சளைக்கவில்லை. பின்னேரம் மூன்று மணிக்கே என்னை விளக்கு வைக்கச் சொல்லி நச்சரித்தார்.

அப்படி வைத்த ஒருநாள்தான் இவருடைய அக்கா பராசக்தி மச்சாள் வந்தார். எங்களிடம் அதிகம் கைமாற்று வாங்கியவர் அவர்தான்.

"தம்பி, ஐந்நூறு ரூவா இருக்கோ?"

"அக்கா, விளக்கு வைச்சாச்சு."

மச்சாள் முற்றத்தைப் பார்த்தார், வானத்தைப் பார்த்தார். "வெயில் மண்டையைப் பிளக்குது. உங்கடை வீட்டிலை மட்டும் இருட்டிப் போச்சோ?"

நான் அடுப்படியில் சேலைத் தலைப்பை வாயில் அடைத்துக்கொண்டு சிரித்தேன். இவர் தவித்தார். கடைசியில் உள்ளதைச் சொல்லிவிட்டார்.

"அக்கா, மாஸ்டரின்ரை காணியை வாங்கப் பாக்கிறம். வைகாசி வரைக்கும் ஒண்டும் கேளாதேங்கோ."

இனிப் பெரிய சண்டைதான் என்று நான் நினைத்தேன். மச்சாள் அமைதியாகக் கதிரையில் இருந்தார். "இதை முதலே சொல்லுறதுக்கென்ன? நீ தாறாய், நான் கேக்கிறன். தராட்டி நானும் ஏதோ வழி பாப்பன்தானே" என்றார். பிறகு என்னைக் கூப்பிட்டு, "பிள்ளை, அந்த விளக்கை நூத்துவிடு. எண்ணெய் விக்கிற விலைக்கு" என்றார். அன்றைக்கு அவர் மேல் எனக்கு வந்த பாசம் இன்னும் போகவில்லை.

மாசி கடைசியில் வெங்காயம் கிண்டினோம். சொன்ன மாதிரி விலை ஐந்நூறுக்கு வந்துவிட்டது. பக்கத்துக் காணிகளில் எல்லாம் சாக்குகள் ஏறிப் போக, நாங்கள் மட்டும் பிடி கட்டிக்கொண்டிருந்தோம். கொட்டில் நிறையக் கட்டித் தூக்கினோம். பங்குனி முழுவதும் இரண்டாவது முட்டி அரிசியில் சோறும் கத்தரிக்காயுமாகப் போனது. சித்திரையில் மழை இருட்டிக்கொண்டு வந்தது. ஈரம் பட்டால் வெங்காயம் அழுகும். கொட்டிலின் ஓலையோ எங்கள் குத்தகைக் காலம் முழுவதும் மாற்றப்படாதது. ஓடி ஓடி முழுவதையும் வீட்டுக்குள் கொண்டுவந்து கூரை வளையில் கட்டினோம். அறையில் வெங்காயம், அடுப்படியில் வெங்காயம், சுவாமிப் படத்தட்டுக்கு முன்னாலும் வெங்காயம். இவர் நெட்டை ஆள், வீட்டுக்குள் கும்பிட்டபடிதான் நடந்தார். எங்கள் மகள் பள்ளிக்கூடத்தில் பக்கத்துப் பிள்ளை மூக்கைப் பொத்துகிறாள் என்று வந்து அழுதாள். "காணி வாங்கினால் உனக்கு ஒரு மூலை" என்றேன். அடுத்த நாள் தானாகவே ஒரு பிடி வெங்காயத்தின் கீழே உட்கார்ந்து வீட்டுப்பாடம் செய்தாள்.

மழை இரண்டாம் நாளும் விடாத காலையில், சாக்கைத் தலையில் போட்டபடி இராசநாயகம் வந்தார். திங்கட்கிழமை. உள்ளே வந்து அண்ணாந்து பார்த்தார். ஒரு பிடியை முகர்ந்தார்.

"அருளம்பலம், மழை இன்னும் ஒரு கிழமை பெய்யுமெண்டு கதைக்கினம். அழுகத் தொடங்கினால் முழுதும் போகும். அந்தர் ஆயிரம் தாறன், இப்பவே" என்று காசுக் கட்டை எடுத்து மேசையில் வைத்தார்.

கிண்டியபோது இருந்த விலையைப் போல இரண்டு மடங்கு. எங்கள் வாழ்நாளில் அப்படியொரு கட்டு எங்கள் மேசையில் இருந்ததில்லை. ஆனால் அது முப்பதாயிரத்தையும் எட்டாது. காணிக்குப் போதாது. வாங்கினால் வயிறு நிறையும், நிலம் போகும். வாங்காமல் மழை நின்று பெய்தால் இரண்டும் போகும், என் காப்பும் சேர்த்து.

இவர் என்னைத் திரும்பிப் பார்த்தார். நான் வாயைத் திறந்திருந்தால் முடிந்திருக்கும். எனக்கு நாக்கு நுனி வரை வந்ததை விழுங்கிக்கொண்டு, ஒரு வெங்காயத்தின் காய்ந்த தோலை உரித்தபடி நின்றேன். நான் சொல்லி அவர் சொன்னால், அது இலட்சுமி சொன்ன மாதிரித்தான். விளக்கு வைக்கவும் நேரம் இல்லை, வெள்ளிக்கிழமையும் இல்லை.

இவர் தொண்டையைச் செருமினார். பையைத் தடவினார். பிறகு காசுக் கட்டை எடுத்து இராசநாயகத்தின் கையில் திருப்பிக் கொடுத்தார்.

"இல்லை அண்ணை. நாங்கள் இப்ப விக்கேல்லை."

இராசநாயகம் வியப்போடு பார்த்துவிட்டு, "சரி, உங்கடை விருப்பம்" என்று சாக்கைத் தலையில் போட்டுக்கொண்டு போனார். இவர் கதிரையில் விழுந்து ஒரு செம்புத் தண்ணீரை முழுவதும் குடித்தார். அந்த மனிதரை நான் கலியாணத்தன்று பார்த்ததைவிட ஆசையாகப் பார்த்தேன்.

அந்தக் கிழமை முழுவதும் அழுகியதைப் பொறுக்கினோம். ஓட்டைகளுக்குக் கீழே சட்டி வைத்தோம். உமியை மூட்டி அறைகளில் சூடு காட்டினோம். கண்ணெல்லாம் எரிந்தது. மழையும் இராசநாயகம் சொன்ன அளவுக்கு நீடிக்காமல் ஐந்தாம் நாள் வெளித்தது. மூன்று அந்தருக்குக் கொஞ்சம் கூடவே போயிற்று, மற்றது கல்லு மாதிரி இருந்தது.

வைகாசி பிறக்க விதை வெங்காயத்துக்கு ஆட்கள் அலையத் தொடங்கினார்கள். இராசநாயகத்திடம் ஆயிரத்தெண்ணூறு. நாங்கள் ஆயிரத்தைந்நூறுக்கே கொடுப்போம் என்று முடிவெடுத்தோம். எங்களுக்கு வேண்டியது அவ்வளவுதான். அதைச் சொல்ல நாங்கள் எங்கேயும் போகவில்லை. இவர் நூறும் இருநூறுமாகக் கொடுத்து மறந்துபோனவர்கள் எல்லோரும் சைக்கிளில் சாக்கோடு வந்தார்கள். "அருளம்பலண்ணை அழுகலைக் கலந்து தரமாட்டார்" என்று ஒருவர் மற்றவருக்குச் சொன்னார். இரண்டு பேர் வெங்காயக் காசோடு பழைய கைமாற்றையும் சேர்த்து எண்ணி வைத்தார்கள். பராசக்தி மச்சாள் கேட்காமலே ஆயிரம் ரூபாய் கொண்டுவந்து, "காணிக்குக் காசு காணாட்டி வை, மிஞ்சினால் திருப்பித் தா" என்று போட்டுவிட்டுப் போனார். நல்ல பெயரைக் கறி வைக்க ஏலாது என்று நான் சொன்னது அரைவாசி பிழை. இவருக்கு முன்னால் அதை ஒத்துக்கொள்ள நான் என்ன பைத்தியமா.

தபால் கந்தோர்க் காசையும் வழித்தெடுத்து நாற்பதாயிரம் சேர்ந்தபோது விசாகத்துக்கு மூன்று நாள் இருந்தது. மாஸ்டர் சொன்ன சொல் தவறவில்லை. நொத்தாரிசு காணி உறுதிப் பத்திரம் எழுதும்போது மூக்குக் கண்ணாடிக்கு மேலால் பார்த்து, "பெற்றார் வழி முதுசமில்லை, சீதனமில்லை. இது தேடின தேட்டம். ரண்டு பேருக்கும் பாதி பாதி உரித்து, தெரியுமோ?" என்றார். இவருக்குக் கண் கலங்கிவிட்டது. எனக்கும்தான், ஆனால் வெங்காயம் கட்டிய வீட்டில் இருந்து வந்தவள் என்று ஒரு சாட்டு இருந்தது.

காணி எங்களுடையது என்று எனக்கு உறுதியைப் பார்த்து நம்பிக்கை வரவில்லை. ஆனி மாதம் ஒரு காலையில் நாங்கள் புதிதாக நட்ட வெங்காயத்துக்குத் தண்ணீர் கட்டிக்கொண்டிருந்தபோது எல்லைப் பக்கம் இராசநாயகம் வந்து நின்றார். எங்கள் ஊரில் இரண்டு காணிக்கு நடுவில் உள்ள வேலி இரண்டு சொந்தக்காரருக்கும் பொது. அதை அடைப்பதென்றால் அவர்கள் இரண்டு பேரும்தான் கதைப்பார்கள். நாங்கள் அங்கே வெங்காயம் நட்ட இத்தனை வருடத்தில், வேலி அடைக்கும் காலத்தில் இராசநாயகம் எங்களைத் தாண்டி மாஸ்டர் வீட்டுக்குத்தான் போவார். வழியில் நாங்கள் நின்றால் ஒரு தலையாட்டல், அவ்வளவு.

இந்த முறை அவர் எங்கேயும் போகவில்லை. தோளில் இருந்த துவாயை எடுத்துக் கையில் பிடித்துக்கொண்டார்.

"அருளம்பலம், எங்கடை வேலி உக்கிப்போச்சு. புதுக் கதியால் தடி போட்டு அடைக்க வேணும். ஓலை பாதி நான் போடுறன். உங்களுக்கு எப்ப வசதி?"

இவர் வாயைத் திறந்தால் "ஓம்" என்றுதான் வரும் என்று நினைத்தேன். ஆனால் இவர் மண்வெட்டியை ஊன்றி நின்று, என்னை ஒருமுறை பார்த்துவிட்டு ஆறுதலாகச் சொன்னார்.

"குணலட்சுமியோடை கதைச்சுப்போட்டுச் சொல்லுறன் அண்ணை. நாளைக்கு வாங்கோ."

"ஓம் ஓம், நான் நாளைக்கு வாறன்" என்றார் இராசநாயகம்.